நீலம் மேலே வர வேண்டுமா? திண்ணைக் கிராதியில் தொங்கும் மூவண்ண விசிறித் துணிகள்

கேள்வி: 11 மே 2025

அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயரில் சென்ற ஆண்டு ஒரு பழைய மர வீட்டை வாங்கினோம். முன்புறத்தில் கூரையிட்ட நீளமான திண்ணையும் அதற்கு வெள்ளைக் கிராதியும் இருக்கின்றன. மே மாதக் கடைசியில் எங்கள் தெருவில் பாதி வீடுகள் சிவப்பு, வெள்ளை, நீலம் கொண்ட அரைவட்டத் துணிகளைக் கிராதியில் தொங்கவிடுகின்றன. எங்களுக்கும் ஆசைதான். எந்த நிறம் மேலே வர வேண்டும்? மழையிலும் இரவிலும் அப்படியே விடலாமா, மாலையில் இறக்கிவிட வேண்டுமா? இன்னும் குடியுரிமை பெறாத நாங்கள் இதைச் செய்வது பொருத்தமா? இதுவும் கொடிதான் என்பதால் கொடிக்குரிய எல்லா விதிகளும் இதற்கும் பொருந்தும் என்றே நான் கருதுகிறேன்.

12 மே 2025

அது கொடி அன்று. உங்கள் கடைசி வாக்கியத்தை நீக்கிவிட்டால் மற்ற ஐயங்களில் பெரும்பகுதி தானே தீர்ந்துவிடும்.

அந்தத் துணிக்கு இங்கே பன்டிங் என்று பெயர். புடவைக்குக் கொசுவம் வைப்பதைப் போல மடிப்பு மடிப்பாகத் தைத்து, நேர் விளிம்பில் பித்தளை வளையங்களை அடித்திருப்பார்கள். 1942-இல் அமெரிக்கக் காங்கிரஸ் ஏற்ற கொடி நெறிமுறை, கொடியையும் இந்தத் துணியையும் தெளிவாகப் பிரிக்கிறது. கொடியை மடித்தோ சுருக்கியோ தோரணமாகக் கட்டக் கூடாது, அது தடையின்றித் தொங்க வேண்டும். மேடை முகப்பை மூடவும் பொதுவான அலங்காரத்துக்கும் பன்டிங்கைப் பயன்படுத்த வேண்டும். அதில் நீலம் மேலும், வெள்ளை நடுவிலும், சிவப்பு கீழும் வர வேண்டும் என்கிறது. ஆகவே உங்கள் முதல் கேள்விக்கு விடை சட்டத்திலேயே இருக்கிறது. சூரிய உதயம் முதல் மறைவு வரை என்ற வழக்கம் கொடிக்குரியது; விசிறித் துணியை யாரும் மாலையில் அவிழ்ப்பதில்லை. எங்கள் ஊரான தென் மாசசூசெட்ஸில் நான் இதுவரை பார்த்ததும் இல்லை.

இந்த விடையை நான் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. 2018-இல் முதன்முதலாக நான் தொங்கவிட்டபோது, சூரியன் உதிப்பதைப் போல இருக்கட்டும் என்று வளைவு மேலே வரும்படி, தலைகீழாகக் கட்டினேன். எதிர்வீட்டில் கடற்படையில் பணியாற்றி ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் இருக்கிறார். அரைமணி நேரத்தில் சாலையைக் கடந்து வந்து, வீட்டில் எல்லோரும் நலமா, ஏதாவது உதவி வேண்டுமா என்று மிகுந்த அக்கறையோடு விசாரித்தார். கொடியைத் தலைகீழாகப் பறக்கவிடுவது உயிருக்கோ உடைமைக்கோ பேராபத்து என்பதற்கான அடையாளம் என்று அன்றுதான் அறிந்தேன். அவர் கேலி செய்தாரா, உண்மையாகவே கேட்டாரா என்பது ஏழாண்டுகள் கழிந்தும் எனக்கு விளங்கவில்லை.

துணி வாங்கும்போது பருத்தியாகப் பார்த்து வாங்குங்கள். நிறம் அதில்தான் ஆழமாகத் தெரியும்.

12 மே 2025, இரவு

காலையில் எழுதியதில் ஒரு திருத்தம். "சட்டத்திலேயே இருக்கிறது" என்று அழுத்திச் சொல்லிவிட்டேன். நெறிமுறை சட்டப் புத்தகத்தில் இருப்பது உண்மை. ஆனால் அதன் வாக்கியங்கள் பெரும்பாலும் "இவ்வாறு செய்வது முறை" என்ற தொனியில் அமைந்தவை, தனியார் வீட்டில் அதை மீறினால் தண்டனை எதுவும் இல்லை. கொடியை எரிப்பதுகூடக் கருத்துரிமைக்குள் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் 1989-இல் தீர்ப்பளித்த நாடு இது. கிராதியில் சிவப்பு மேலே வந்துவிட்டதற்காக யாரும் உங்கள் வீட்டுக் கதவைத் தட்டப் போவதில்லை, எதிர்வீட்டுப் பெரியவரைத் தவிர.

குடியுரிமை பற்றிய கேள்வியை விட்டுவிட்டேன். தடை எதுவும் இல்லை. நான் தொங்கவிட்ட முதல் ஆண்டில் என் கையில் கிரீன் கார்டு மட்டுமே இருந்தது.

17 மே 2025

அளவைப் பற்றி எழுதாமல் விட்டால் நான் செய்த தவறையே நீங்களும் செய்வீர்கள்.

வீட்டுத் திண்ணைகளுக்கு அதிகம் விற்பவை 3 அடி உயரமும் 6 அடி அகலமும் கொண்ட விசிறிகள். அதற்கு அடுத்து 2 அடிக்கு 4 அடி, ஜன்னலுக்குக் கீழே வைக்க ஒன்றரை அடிக்கு 3 அடி. நான் திண்ணையின் மொத்த நீளத்தை அளந்தேன். படிக்கட்டு வாயிலைக் கழித்து 24 அடி வந்தது. நான்கு விசிறிகள் என்று கணக்கு அழகாக முடிந்ததால் வாங்கிவிட்டேன். வீட்டுக்குக் கொண்டுவந்து விரித்த பிறகுதான், கிராதி என்பது ஒரே நீளமான பொருள் அன்று, தூணுக்குத் தூண் முடியும் துண்டுகள் என்ற எளிய உண்மை உறைத்தது. எங்கள் தூண்களுக்கு இடைப்பட்ட வெளி 5 அடி 8 அங்குலம்தான். அந்த நான்கு அங்குல மிச்சத்தைச் சுருக்கிக் கட்டினால், நடுவில் கொசுவம் விரியாமல் துணி வயிறு தள்ளி நிற்கிறது. விசிறியின் அழகெல்லாம் மேல் விளிம்பு நாணைப் போல இழுபட்டு நிற்பதில்தான் இருக்கிறது.

என் மனைவி முதல் நாளே "தூணுக்குத் தூண் அளந்தீர்களா?" என்று கேட்டதையும் நேர்மைக்காகப் பதிவு செய்கிறேன்.

இறுதியில் விசிறிகளைக் கிராதியின் வெளிப்புறத்தில், தூண்களின் முகத்தையும் சற்று மூடும்படி கட்டினேன். தெருவிலிருந்து பார்த்தால் அதுவே சரியான முறையைப் போலத் தோன்றுகிறது; உண்மையில் அது தவறை மறைக்கும் வழி. நீங்கள் ஒவ்வோர் இடைவெளியையும் தனியாக அளந்து, ஆறடிக்குக் குறைவாக இருந்தால் நாலடி விசிறியை நடுவில் வைத்து, இருபுறமும் வெற்றுக் கிராதி தெரியும்படி விட்டுவிடுங்கள். வெற்றிடம் இருந்தால்தான் துணி எடுப்பாகத் தெரியும்.

24 மே 2025

இன்று தொங்கவிட்டேன். ஆணி அடிக்காதீர்கள். மரக் கிராதியில் ஆணித் துளை வழியே நீர் இறங்கி இரண்டே குளிர்காலத்தில் மரம் உளுத்துவிடும். பிளாஸ்டிக் கிராதியாக இருந்தால் துளையிட்டதைக் கண்டு உங்கள் மனம்தான் உளுக்கும். வளையத்துக்குள் பிளாஸ்டிக் கட்டுப்பட்டையை நுழைத்துக் கிராதியின் மேல்கட்டையைச் சுற்றி இறுக்கினால் போதும். வெயிலில் அந்தப் பட்டைகள் நொறுங்கும் இயல்புடையவை. கறுப்பு நிறப் பட்டைகள் வெள்ளையைவிட வெயிலைத் தாங்கும் என்றாலும் வெள்ளைக் கிராதியில் அவை கண்ணை உறுத்துகின்றன. நான் இவ்வாண்டு பருத்திக் கயிற்றுக்குத் திரும்பிவிட்டேன். அவிழ்க்கும்போது கத்தி தேவைப்படாது, துணியும் கிழியாது.

பெரிய எதிரி மழை அன்று, காற்று. மேல் விளிம்பு மட்டும் கட்டுண்டிருப்பதால், பலமான காற்றில் அரைவட்டம் அப்படியே எழும்பிக் கிராதியின் மேல் கவிழ்ந்து உட்புறம் தொங்கும். அலுவலகத்திலிருந்து திரும்பும்போது நான்கில் இரண்டு துணிகள் திண்ணைக்குள் எட்டிப் பார்ப்பதைக் கண்டிருக்கிறேன். வளைவின் அடிப்பக்கத்தில் வளையம் இருக்காது. நடு மடிப்பின் பின்புறத் தையலில் தூண்டில் நரம்பைக் கோத்து, கிராதியின் செங்குத்துக் கம்பு ஒன்றில் சற்றுத் தளர்வாகக் கட்டினால் துணி அசையும், ஆனால் கவிழாது. இறுக்கிக் கட்டினால் அசைவே நின்று, ஒட்டிய காகிதத்தைப் போல ஆகிவிடும்.

கும்பகோணத்தில் சிறுவயதில் தேர்ச்சீலையும் தொம்பையும் கட்டுவதைப் பார்த்து வளர்ந்தவன் நான். தொம்பை காற்றில் ஆட வேண்டும் என்பதற்காகவே அதைத் தளர்வாகக் கட்டுவார்கள். அந்தக் கண் இல்லாவிட்டால் இந்தத் தூண்டில் நரம்பு யோசனை எனக்கு வந்திருக்காது.

நான்கு கிராதித் துணிகள் போக, சிறிய விசிறி ஒன்றை வாசலுக்கு மேலே உத்தரத்தில் தொங்கவிட்டிருக்கிறேன். அது எனக்குப் பிடித்திருக்கிறது.

26 மே 2025

இன்று மெமோரியல் டே, போரில் இறந்தவர்களை நினைக்கும் நாள். நண்பகல் வரை கொடியை அரைக்கம்பத்திலும் அதன் பிறகு முழு உயரத்திலும் பறக்கவிட வேண்டும். விசிறித் துணிக்கு அரைக்கம்பம் கிடையாது. காலையில் பெரியவரின் கொடி பாதி உயரத்தில் நிற்க, எங்கள் வீடு திருமண வீட்டைப் போல இருந்தது சற்று உறுத்தியது. இதற்கு முந்தைய ஆண்டுகளில் இது ஏன் தோன்றவில்லை என்று தெரியவில்லை. துயரத்துக்கு இங்கே தனியாகக் கறுப்பு பன்டிங் உண்டு; பணியில் ஒருவர் இறந்தால் தீயணைப்பு நிலையங்களின் முகப்பில் கறுப்பும் ஊதாவுமாகக் கட்டியிருப்பதை நியூயார்க்கில் பார்த்திருக்கிறேன்.

அடுத்த ஆண்டு நண்பகலுக்குப் பிறகு கட்டலாமா என்று யோசிக்கிறேன்.

2 ஜூன் 2025

துணியை இறக்கலாம் என்று இன்று ஏணியில் ஏறினேன். எங்கள் வழக்கம், மெமோரியல் டேக்குக் கட்டி, ஒரு வாரத்தில் இறக்கி, அமெரிக்கச் சுதந்திர நாளான ஜூலை நான்குக்கு மீண்டும் கட்டுவது. நிரந்தரமாகத் தொங்கினால் வெயில் நிறத்தைத் தின்றுவிடும். அதைவிட முக்கியமாக, தெரு அதைப் பார்ப்பதையே நிறுத்திவிடும்.

வாசல் உத்தரத்தில் சிறிய விசிறிக்குப் பின்னால் ராபின் பறவை ஒன்று சேற்றைக் குழைத்துக் கூடு கட்டி, இரண்டு முட்டைகள் இட்டிருக்கிறது.

3 ஜூன் 2025

நேற்றைய செய்திக்கு வந்த அறிவுரைகளில் "கூட்டை மெதுவாகத் தூக்கி மரத்தில் வைத்துவிடுங்கள்" என்பதும் ஒன்று. செய்யக் கூடாது. வலசைப் பறவைகள் ஒப்பந்தச் சட்டம் 1918 முதல் நடைமுறையில் இருக்கிறது. முட்டையோ குஞ்சோ உள்ள ராபின் கூட்டை அகற்றுவது அதன்படி குற்றம். அடைகாக்க இரண்டு வாரம், குஞ்சுகள் பறக்க ஏறத்தாழ இன்னும் இரண்டு வாரம். ஜூன் மாதம் முழுவதும் அந்தத் துணி அங்கேதான் இருக்கும்.

ஆக, கொடி நெறிமுறை தண்டனையின்றி அறிவுரை கூறுகிறது. பறவைச் சட்டமோ என் அலங்காரத்தை அவிழ்க்க அபராதத்தோடு தடை விதிக்கிறது. பன்டிங் என்ற சொல்லை இணையத்தில் தேடினால் ஒரு நீலக் குருவியின் படங்களும் வரும். அதற்கும் அதே பெயர். தெய்வம் பெயரைக் குழப்பிக்கொண்டு பறவையை என் வீட்டுக்கு அனுப்பிவிட்டது என்கிறாள் என் மகள்.

8 ஜூன் 2025

மே 12 அன்று பருத்தியைப் பரிந்துரைத்தேன். அதைத் திரும்பப் பெறுகிறேன்.

என் முதல் நான்கு துணிகள் பருத்தி. வாங்கிய நாளில் நிறம் கண்ணைப் பறித்தது. முதல் கோடை மழையில் சிவப்புச் சாயம் இறங்கி, வெள்ளையடித்த படிக்கட்டில் நான்கு சிவந்த கோடுகளை வரைந்தது. காலையில் அதைப் பார்த்த தபால்காரர் சற்றுத் தயங்கி நின்றார். அந்தக் கறையைப் போக்கப் படிக்கட்டுக்கு மறுபடியும் வண்ணம் பூச வேண்டியதாயிற்று. நீலம் மேல், சிவப்பு கீழ் என்ற வரிசையில் ஒரு நடைமுறை நன்மை உண்டு என்று அன்று புரிந்துகொண்டேன்: சிவப்பு கீழே இருந்தால் அதன் சாயம் உங்கள் வண்ணப்பூச்சைக் கெடுக்கும், மேலே இருந்திருந்தால் வெள்ளைத் துணியையே கெடுத்திருக்கும்.

நைலான் எடை குறைவு, மழை நின்ற சிறிது நேரத்தில் காய்ந்துவிடும், மெல்லிய காற்றிலும் அசையும். பாலியெஸ்டர் கனமானது, காற்றடிக்கும் இடத்தில் நீடிக்கும். பருத்தியின் ஆழம் இரண்டுக்கும் இல்லை. கூரை நன்கு இறங்கி, மழைச் சாரலே படாத திண்ணையாக இருந்தால் மட்டும் பருத்தி. அச்சு அடித்ததா, துண்டு துண்டாக வெட்டித் தைத்ததா என்றும் பாருங்கள். அச்சிட்ட மலிவுத் துணியின் பின்புறம் வெளிறியிருக்கும், திண்ணையில் அமர்ந்திருக்கும் உங்களுக்குத் தெரிவது அந்தப் பின்புறம்தான்.

இன்னொரு பழைய வாக்கியமும் இப்போது என்னை உறுத்துகிறது. "அது கொடி அன்று" என்று தீர்த்துச் சொன்னேன். நீலம், வெள்ளை, சிவப்பு என்று மூன்று பட்டைகள் மட்டும் கொண்ட துணிக்கு அது உண்மை. நட்சத்திரங்களும் பதின்மூன்று கோடுகளும் முழுமையாக அச்சிட்டு, ஒரு கொடியையே பிடித்துக் கொசுவம் வைத்ததைப் போல விற்கப்படும் விசிறிகளும் உண்டு. கொடியை மடித்துத் தோரணமாக்கக் கூடாது என்ற நெறியின் உள்ளத்தை அவை மீறுகின்றன என்றே நினைக்கிறேன். என் பழைய நான்கும் அந்த வகையே என்பதால் இதை எழுத விருப்பமில்லாமல் மூன்று வாரம் தள்ளிப்போட்டேன். இப்போது தொங்குபவை வெறும் பட்டைகள் கொண்டவை.

10 ஜூன் 2025

வீட்டு உரிமையாளர் சங்கம் தடுக்குமா என்று கேட்டிருந்த மற்றொருவருக்கு: கொடி பறக்கவிடுவதை இத்தகைய சங்கங்கள் தடுக்க முடியாதபடி ஒரு கூட்டாட்சிச் சட்டம் 2006 ஜூலையில் கையெழுத்தாயிற்று. அது கொடியைக் காக்கிறது. பன்டிங் கொடி அன்று என்ற என் வாதம் இங்கே உங்களுக்கு எதிராகவே வேலை செய்யும். சங்கத்தின் விதிகளைப் படித்துவிட்டு வாங்குங்கள்.

14 ஜூன் 2025

இன்று கொடி நாள். நட்சத்திரமும் கோடுகளும் கொண்ட கொடியை 1777-இல் இதே தேதியில் ஏற்றார்கள். பன்டிங் என்ற சொல் முதலில் அலங்காரத்தின் பெயராக இருக்கவில்லை, ஒரு துணியின் பெயராகவே இருந்தது: கப்பல் கொடிகளுக்காக நெய்த மெல்லிய கம்பளித் துணி. ஈரத்தைத் தாங்கும், விரைவில் காயும், காற்றில் எளிதாகப் பறக்கும். 1813-இல் பால்டிமோரில் மேரி பிக்கர்ஸ்கில் தைத்த 30 அடிக்கு 42 அடி கொடி இந்தத் துணியால் ஆனதே. மக்ஹென்றி கோட்டையில் பிரிட்டிஷ் குண்டுமழைக்குப் பின் பறந்த அது இன்று வாஷிங்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அந்தக் கம்பளி இங்கிலாந்தில் நெய்தது. சண்டை யாரோடு நடந்ததோ அவர்களுடைய நெசவு! உள்நாட்டுப் போர் முடிந்த பிறகுதான், எங்கள் மாநிலத்து லோவெல் நகரில் இந்தத் துணியை நெய்யும் ஆலை எழுந்தது. பிறகு கம்பளி போய்ப் பருத்தி வந்து, பருத்தி போய் நைலான் வந்து, துணியின் பெயர் மட்டும் அலங்காரத்தின் மேல் ஒட்டிக்கொண்டது.

நான்கு முட்டைகள். தாய்ப்பறவை என்னைக் கண்டால் பறந்து செல்வதையும் நிறுத்திவிட்டது.

30 ஜூன் 2025

கூடு காலி. முட்டை நீலம், பறவையின் மார்பு சிவப்பு. விட்டுப்போன வெள்ளையைக் குஞ்சுகள் துணியின் பின்புறத்தில் தாராளமாக இட்டு நிரப்பியிருக்கின்றன.

5 ஜூலை 2025

நேற்று ரோட் தீவு மாநிலத்திலுள்ள பிரிஸ்டல் ஊருக்குச் சென்றோம். 1785 முதல் இடைவிடாமல் ஜூலை நான்கைக் கொண்டாடும் ஊர் அது. ஹோப் தெருவின் நடுக்கோடு மஞ்சளாக இராது. சிவப்பு, வெள்ளை, நீலமாகவே தீட்டியிருப்பார்கள். பழைய மர வீடுகளின் திண்ணைகளில் விசிறிகள் வரிசையாகத் தொங்கின. நான் ஊர்வலத்தைவிட முடிச்சுகளைத்தான் அதிகம் பார்த்தேன் என்று வீட்டில் குற்றச்சாட்டு. பல வீடுகளில் தூண்களின் முகத்தை மூடியே கட்டியிருந்தார்கள். அவர்களும் மொத்த நீளத்தை அளந்தவர்களாக இருக்கக்கூடும்.

ஒரு சிறுமி கேட்ட கேள்வியையும் குறிக்க வேண்டும். "நீலம்தானே மேலே? அப்படியென்றால் இரண்டு ஓரங்களிலும் சிவப்பும் மேலேதானே இருக்கிறது?" விசிறியில் பட்டைகள் வளைந்து போய் மூன்று நிறங்களும் மேல் விளிம்பைத் தொடுகின்றன. காங்கிரஸ் நேராகத் தொங்கும் துணியை நினைத்து எழுதியிருக்க வேண்டும். என்னிடம் பதில் இல்லை. அவளுக்கு ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுத்தேன், அவள் என் மகள்தான்.

17 ஆகஸ்ட் 2025

காவி, வெள்ளை, பச்சையில் இதே விசிறிகளைத் தைத்து ஆகஸ்ட் 15-க்குத் தொங்கவிட்டால் என்ன என்று இருவர் கேட்டிருக்கிறார்கள். இங்கே யாரும் தடுக்க மாட்டார்கள். ஆனால் இந்தியக் கொடி நெறிமுறை, 2002-இல் வந்தது, தேசியக் கொடியைத் தோரணமாகவோ பன்டிங்காகவோ பயன்படுத்தக் கூடாது என்கிறது. அமெரிக்க நெறிமுறை அலங்காரத்துக்கு ஒரு மாற்றுத் துணியைக் காட்டி, நிற வரிசையையும் சொல்லிக்கொடுக்கிறது. அப்படி ஒரு சாளரத்தை இந்திய நெறிமுறையில் நான் காணவில்லை. மேலும் கொசுவத்தில் சக்கரம் எங்கே போகும்? ஆரக்கால்கள் மடிப்புக்குள் ஒளிந்துகொள்ளும். நான் சிறிய கொடி ஒன்றைத் தூணில் விரித்துப் பறக்கவிட்டு, கிராதியை வெறுமையாக விட்டேன். மாலையில் இறக்கினேன்.

7 செப்டம்பர் 2025

இங்குள்ள தொழிலாளர் நாளான லேபர் டே முடிந்து எல்லாவற்றையும் இறக்கியாயிற்று. குளிர்ந்த நீரில் தனியாக அலசி, நிழலில் முழுதும் உலர்த்தி, மடிப்பின் போக்கிலேயே விசிறியைச் சுருக்கிப் பழைய தலையணை உறையில் வைத்திருக்கிறேன். சற்று ஈரத்தோடு வைத்த ஓர் ஆண்டில் கரும்பூசணம் பிடித்தது. நைலானுக்கு இஸ்திரி தேவைப்பட்டால் மிகக் குறைந்த சூட்டில், மேலே ஒரு துணியை விரித்துத்தான்.

அடுத்த ஆண்டு சுதந்திரப் பிரகடனத்தின் 250-ஆம் ஆண்டு. நியூ ஹாம்ப்ஷயர் நண்பர் வசந்தத்துக்கு முன்பே வாங்கிவிடுவது நல்லது. தூணுக்குத் தூண் அளந்த எண்களை எழுதி அனுப்பினால் நானும் ஒருமுறை கூட்டிப் பார்க்கிறேன். வாசல் விசிறியில் கூட்டின் சேற்றுக்கறை இருமுறை அலசியும் போகவில்லை. புதியது வாங்கலாம் என்கிறாள் மனைவி. மெமோரியல் டே நண்பகலில் அதையே அதே இடத்தில் கட்டுவதாக இருக்கிறேன்; உத்தரத்துக்கும் துணிக்கும் நடுவே கூடு இருந்த அந்த நான்கு அங்குல இடைவெளியை மாற்றவில்லை.